தந்தையின் கடனும் தனயன் கையெழுத்தும்

தகப்பனை இழந்த வீட்டிலே பதினாறாம் நாள் கருமாதி முடிந்து, தாய்மாமன் கையால் மூத்த மகனுக்குத் தலைப்பாகை கட்டப்பட்டு, பங்காளிகளும் சம்பந்திகளும் இன்னும் கூடத்தை விட்டு எழாதிருக்கும் வேளையில், கடன் கொடுத்தவர் பழைய புரோநோட்டை எடுத்து நடுவில் வைப்பதும், பெரியவர்கள், "அப்பன் பேர் கெடக் கூடாது தம்பி, உன் பேருக்கு ஒரு நோட்டு எழுதிக் கொடுத்துவிடு" என்று சொல்வதும், துக்கத்தில் ஆழ்ந்திருக்கும் பிள்ளை வாசித்துக்கூடப் பாராமல் கையெழுத்திடுவதும் நம் ஊர்களுக்குப் புதிதல்ல. சட்டம் தன்மீது சுமத்தாத பாரமொன்றை அந்த ஒரு நிமிஷத்தில் அவன் தானாகவே தலைமேல் ஏற்றுக்கொள்ளுகிறான் என்பதை அந்தச் சபையில் எவரும் அவனுக்கு எடுத்துச் சொல்வதில்லை. அப்படிச் சொல்லாதிருப்பது பெரும் அநியாயம் என்பதே என் கட்சி.

இந்த வழக்கத்தின் வேர் ஆழமானது. நம் பாஷையில் வாங்கிய பணத்துக்கும் கடன் என்று பெயர். செய்தே தீர வேண்டிய கர்த்தவ்யத்துக்கும் கடன் என்றே பெயர். இறந்தவருக்கு எள்ளும் நீரும் இறைப்பதும் நீத்தார் கடனே. கடனைத் தீர்க்காமல் மாண்டவன் கொடுத்தவன் வீட்டில் அடிமையாகவோ நாற்கால் பிராணியாகவோ பிறப்பான் என்று பிருகஸ்பதி ஸ்மிருதி எச்சரித்தபடியால், தகப்பனை அக்கதியினின்று மீட்பது புத்திரனுடைய தர்மமாயிற்று. ஆனால் அந்தச் சாஸ்திரங்களும் எல்லையில்லாமல் பேசவில்லை என்பதை நாம் மறந்துவிட்டோம்; குடிக்கும் சூதுக்கும் காமத்துக்கும் தகப்பன் பட்ட கடனைப் பிள்ளை தீர்க்க வேண்டியதில்லை என்று யாக்ஞவல்கியரே விலக்கு வைத்திருக்கிறார்.

வெள்ளையர் காலத்து நீதிஸ்தலங்கள் இந்தத் தர்மத்தைச் சட்டமாகவே ஏற்று, பிற்பாடு அதைக் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகனுக்குள்ள பங்கின் அளவுக்குச் சுருக்கின. பம்பாய் மாகாணத்தில் 1866-லேயே, வாரிசு தன் கைக்கு வந்த ஆஸ்திக்கு மேல் பொறுப்பாளியல்லன் என்று தனிச் சட்டம் செய்தார்கள். முடிவாக, 2005-ஆம் ஆண்டு செப்டம்பர் 9-ஆம் தேதி அமலுக்கு வந்த இந்து வாரிசுரிமைத் திருத்தச் சட்டம், பெண்மக்களுக்குப் பிதுரார்ஜிதத்தில் சம உரிமை தந்த அதே ஆறாவது பிரிவில், தந்தை, பாட்டன், முப்பாட்டன் ஆகியோரின் கடனுக்காக மகனையோ, பேரனையோ, கொள்ளுப்பேரனையோ புத்திர தர்மம் என்ற காரணத்தை மட்டும் காட்டிப் பிடிக்கும் உரிமையை, அதற்குப் பின் பட்ட கடன்களைப் பொறுத்தவரை, இனி எந்த நீதிமன்றமும் அங்கீகரிக்கலாகாது என்று விதித்தது. மகளின் உரிமையைப் பற்றிப் பட்டிதொட்டியெல்லாம் பேசினோம். அதே பிரிவில் மகனுக்குக் கிடைத்த விடுதலையைப் பற்றிப் பேசினோமா?

இன்றுள்ள நியாயம் எளிதானது: கடன் ரத்தத்தைத் தொடர்வதில்லை, சொத்தைத் தொடர்கிறது. இறந்தவரின் ஆஸ்தியில் தன் கைக்கு வந்த அளவுக்கே வாரிசு பொறுப்பாளி என்கிறது 1908-ஆம் ஆண்டின் சிவில் நடைமுறைச் சட்டம், ஐம்பதாவது பிரிவில். ஐந்து லட்சம் கடன் வைத்து இரண்டு லட்சம் பெறுமான நிலத்தை மட்டும் விட்டுச் சென்றவரின் மகன், அந்த இரண்டு லட்சத்துக்குப் பதில் சொல்ல வேண்டியவனே தவிர, மீதி மூன்று லட்சத்துக்காகத் தன் உழைப்பில் தேடிய சம்பளத்தையோ வீட்டையோ இழக்க வேண்டியவனல்லன். அடக்கச் செலவு போகக் கடன், கடன் போக மரண சாசனம், அதன் பின்பே பங்கு என்று வரிசை வகுத்த முஸ்லிம் சட்டமும், ஒவ்வொரு வாரிசும் தன் பங்கின் விகிதத்துக்கே பொறுப்பு என்று இதே நீதியைச் சொல்கிறது.

இறந்தவருடைய வருங்கால வைப்பு நிதியில் நாமினிக்குச் சேரும் தொகையை அவருடைய கடன் தீண்டாது என்று சட்டம் காப்பளிக்கிறது. மனைவி மக்களின் நன்மைக்கென்று, மணமான பெண்டிர் சொத்துரிமைச் சட்டத்தின்கீழ் எடுத்த ஆயுள் காப்பீட்டுக்கும் அத்தகைய காப்பு உண்டு. விதவையின் கையிலுள்ள இந்தப் பணத்தைக் குறிவைத்தே சிலர் முதலில் வருகிறார்கள் என்பதால் இதை அழுத்திச் சொல்லுகிறேன்.

ஆயினும் அறியாமல் விழக்கூடிய குழிகளும் உண்டு. ஜாமீன் கையெழுத்துப் போட்டவரும், வீட்டுக் கடனில் கூட்டுக் கடனாளியாகச் சேர்ந்த மனைவியும் வாரிசு என்ற முறையில் அல்லாமல் சொந்த முறையிலேயே கட்டுப்பட்டவர்கள். அடமானம் வைத்த வீடு யார் கைக்குப் போனாலும் அடமானத்தோடேயே போகும். குடும்பத் தேவைக்காகக் குடும்பத் தலைவராகிய கர்த்தா வாங்கிய கடனுக்குக் கூட்டுக் குடும்பச் சொத்து இன்றும் ஈடு. இறந்தவரின் ஆஸ்தியைப் பெற்று, அதை எப்படிச் செலவிட்டோம் என்று கணக்குக் காட்ட முடியாதவன்மீது, அந்த அளவுக்கு நேராகவே நீதிமன்ற டிகிரி நிறைவேறும். ஆகையால் முதற்காரியமாக ஒரு நோட்டுப் புத்தகத்தில் வரவு செலவை எழுதி வைக்க வேண்டும். கடனோடு காப்பீடு சேர்ந்திருக்கிறதா என்று வங்கியில் எழுத்து மூலம் கேட்க வேண்டும். இரண்டும் தெளியும் வரை புதிய நோட்டு எதிலும் கையெழுத்திடலாகாது.

கொடுத்தவன் பணம் மண்ணாய்ப் போவதா என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. கைம்மாற்றாகக் கொடுத்த பக்கத்து வீட்டுக்காரரும் வயிற்றைக் கட்டிச் சேர்த்தவராகவே இருக்கலாம். சொத்தை அனுபவித்துக்கொண்டு கடனை மட்டும் மறுப்பவனும், கடன் கொடுத்தவருக்குத் தெரியாமல் நிலத்தை மைத்துனன் பேருக்கு மாற்றுபவனும் எந்தச் சட்டத்தின் தயவுக்கும் பாத்திரர்கள் அல்லர். அதுபோலவே, சொத்து ஒன்றும் வராதிருந்தும் தகப்பன் வாக்கைக் காப்பதற்காக, தெரிந்தே, மனமுவந்து கடனைத் தீர்க்கும் பிள்ளையைக் கைகூப்பி வணங்குகிறேன். ஆனால் தர்மம் என்பது அறிந்து செய்வது. அறியாமையையும் அவமானத்தையும் பயன்படுத்தி வாங்கும் கையெழுத்துக்கு அந்தப் பெயர் பொருந்தாது.

எனவே நான் கோருவது ஒன்றே. கடனாளி இறந்தபின் அவர் குடும்பத்தை முதன்முதலாக அணுகும் எந்த வங்கியும் நிதி நிறுவனமும், வாரிசின் பொறுப்பு கைக்கு வந்த சொத்தின் அளவுக்கே என்பதையும், காப்பீடு உண்டா இல்லையா என்பதையும் தமிழில், ஒரே தாளில் எழுதிக் கொடுத்தாக வேண்டுமென்று விதி செய்ய வேண்டும். அந்த விதி வரும்வரை காத்திராமல் அதே வார்த்தையைச் சொல்லக்கூடியவர் ஒருவர் ஒவ்வொரு கருமாதி வீட்டிலும் இருக்கிறார். தலைப்பாகை கட்டிவிட்ட தாய்மாமனே, நீட்டிய நோட்டின்மேல் தம் கையை வைத்து, "கணக்குப் பார்ப்போம், இன்று வேண்டாம்" என்று சொல்லட்டும்.