மைக்கை அணைத்துவிட்டால் சரியாகிவிடுமா?

இணைய விளையாட்டுகளில் யார் யாருடன் பேசலாம் என்பது குறித்த விதிகள் வேகமாக மாறி வருகின்றன. உரையாடல் வசதியைப் பயன்படுத்த விரும்புவோர் முதலில் தங்கள் வயதை உறுதிசெய்ய வேண்டும் என்று ரோப்லாக்ஸ் நிறுவனம் 2025 நவம்பரில் அறிவித்தது. முகத்தைப் பார்த்து வயதைக் கணிக்கும் அந்த முறை, முதலில் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, நெதர்லாந்து ஆகிய நாடுகளில் நடப்புக்கு வந்தது. 2026 ஜனவரியில் மற்ற நாடுகளுக்கும் விரிவடைந்தது. அதே மாதம் முதல் தேதி மலேசியாவில் இணையப் பாதுகாப்புச் சட்டம் நடப்புக்கு வந்தது. சிங்கப்பூர் நாடாளுமன்றம் 2025 நவம்பர் 5ஆம் தேதி இணையப் பாதுகாப்பு தொடர்பில் ஒரு புதிய சட்டத்தை நிறைவேற்றியது.

இவை வரவேற்க வேண்டிய மாற்றங்களே. ஆனால் விளையாடுபவர்களில் பலர் எந்தச் சட்டத்துக்கும் காத்திராமல் ஏற்கெனவே ஒரு முடிவெடுத்துவிட்டார்கள். மைக்கை அணைத்துவிட்டார்கள். நான் விளையாடும் ஐவர் அணியில் அறிமுகமில்லாத ஒருவர் சேர்ந்தால் போதும், அதுவரை கலகலவென்று இருந்த பேச்சு நின்றுவிடுகிறது. என் தோழிகள் சிலர் அறிமுகமில்லாதவர்களுடன் விளையாடும்போது வாயே திறப்பதில்லை. குரல் அரட்டையைச் சரிசெய்வது என்றால் உண்மையில் எதைச் சரிசெய்ய வேண்டும் என்று யோசிக்க வைத்தது இந்த மௌனம்தான்.

கருவிக் கோளாறு எளிது

கருவியிலிருந்தே தொடங்குவோம். குரல் விட்டுவிட்டுக் கேட்டால் வீட்டு இணையத்தின் வேகம் போதவில்லை என்றுதான் பலரும் நினைக்கிறோம். அது பெரும்பாலும் காரணமாக இருப்பதில்லை. டிஸ்கார்ட் போன்ற செயலிகள் பயன்படுத்தும் ஓபஸ் என்ற ஒலிச்சுருக்க முறை, 2012ல் இணையத்தின் பொதுத்தரமாக வெளியிடப்பட்டது. வினாடிக்கு 6 கிலோபிட் அளவிலேயே அது பேச்சைக் கடத்திவிடும். நம் வீடுகளுக்கு வரும் இணைப்போடு ஒப்பிட்டால் அது ஒரு துளி.

சிக்கல் வேகத்தில் இல்லை, சீரில் இருக்கிறது. குரல் சிறு சிறு தரவுத் துண்டுகளாகப் பயணம் செய்கிறது. ஒரு கோப்பைப் பதிவிறக்கும்போது ஒரு துண்டு தாமதமானால் காத்திருக்கலாம். உரையாடலில் தாமதமாக வரும் துண்டு பயனற்றது. அதற்குள் பேச்சு நகர்ந்திருக்கும். ஒரு குரல் மறுமுனையைச் சென்றடைய 150 மில்லிவினாடிக்குமேல் ஆகாமல் இருப்பது நல்லது என்று அனைத்துலகத் தொலைத்தொடர்பு ஒன்றியம் பரிந்துரைக்கிறது. இரண்டு சுவர்களைத் தாண்டி வரும் வைஃபை, அதே நேரத்தில் அக்கா பதிவேற்றிக்கொண்டிருக்கும் காணொளி ஆகியவை இந்தச் சீரைக் குலைத்துவிடும். திசைவியிலிருந்து ஒரு கம்பி இழுத்து இணைத்தால் பாதிப் பிரச்சினை தீரும்.

மீதிப் பாதிக்குச் சில சிறு சோதனைகள் போதும். விளையாட்டுக்கு மைக் அனுமதி கொடுத்திருக்கிறோமா என்று கணினியின் அல்லது கைப்பேசியின் அந்தரங்க அமைப்புகளில் பார்க்க வேண்டும். புதிதாக ஒரு வெப்கேமராவை இணைத்திருந்தால், கணினி ஹெட்செட்டை விட்டுவிட்டு அதிலுள்ள மைக்கைத் தேர்ந்தெடுத்திருக்கலாம். புளூடூத் ஹெட்செட்டில் மைக் இயங்கத் தொடங்கியதும் விளையாட்டின் ஒலி மங்கிவிட்டால், அது பழுதல்ல. இரு திசையிலும் ஒலியை அனுப்ப, பல ஹெட்செட்டுகள் தொலைபேசி அழைப்புக்குரிய தரத்துக்கு இறங்கிவிடுகின்றன. கம்பியுள்ள ஹெட்செட்டோ தனி மைக்கோ இதற்குத் தீர்வு. நம் குரலே நமக்கு எதிரொலித்தால் நம் கருவியைக் குறை சொல்ல வேண்டியதில்லை. அணியில் யாரோ ஹெட்செட் இல்லாமல் ஒலிபெருக்கியில் விளையாடுகிறார். பொத்தானை அழுத்திப் பேசும் முறைக்கு அவர் மாறினாலே போதும்.

ஆக, கருவிக் கோளாறுகளைப் பெரும்பாலும் அரை மணி நேரத்தில் சரிசெய்துவிடலாம். எந்த அமைப்பை மாற்றினாலும் தீராத கோளாறு வேறொன்று இருக்கிறது.

குரலுக்குச் சாட்சி இல்லை

எழுத்து அரட்டையில் ஒருவர் நம்மை இழிவாகப் பேசினால் அது திரையில் நிற்கும். படம்பிடித்துக் காட்டலாம். குரல் அப்படியல்ல. சொன்ன மறுகணம் காற்றில் கரைந்துவிடும். புகார் செய்தால், “அவர் என்ன சொன்னார்?” என்ற கேள்விக்கு நம் நினைவைத் தவிர வேறு ஆதாரம் இல்லை. இன இழிசொல்லும் பெண்களைக் குறிவைக்கும் ஆபாசமும் எழுத்தைவிடக் குரலில் துணிச்சலாக வெளிவருவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

நிறுவனங்கள் கடந்த சில ஆண்டுகளாகச் செய்துவருவதெல்லாம் இந்தச் சாட்சியை உருவாக்கும் முயற்சிதான். 2020ல் வெளிவந்த பிளேஸ்டேஷன் 5, கடைசி ஐந்து நிமிட உரையாடலிலிருந்து ஒரு சிறு பகுதியை வெட்டிப் புகாருடன் அனுப்ப வழிசெய்தது. 2023 ஜூலையில் எக்ஸ்பாக்ஸ் 60 வினாடி ஒலித்துணுக்கை அனுப்பும் வசதியைக் கொண்டுவந்தது. அதே ஆண்டு நவம்பரில் ஃபோர்ட்நைட்டும் இதில் இணைந்தது. அதில் கடைசி ஐந்து நிமிடப் பேச்சு, விளையாடுபவரின் சொந்தக் கருவியிலேயே தங்கும். யாரேனும் புகார் செய்தால் மட்டுமே வெளியே போகும். உரையாடலில் 18 வயதுக்குட்பட்ட ஒருவர் இருந்தாலும் இந்த வசதியை அணைக்க முடியாது.

இன்னொரு வழி, இயந்திரத்தையே கேட்க வைப்பது. வேலரண்ட் விளையாட்டை நடத்தும் ரயட் கேம்ஸ் 2022 ஜூலையில் குரல்பதிவுகளைக் கொண்டு தன் கணினி முறையைப் பழக்கத் தொடங்கியது. கால் ஆஃப் டியூட்டி விளையாட்டு 2023 ஆகஸ்டில் மாடுலேட் நிறுவனத்தின் டாக்ஸ்மோட் என்ற செயற்கை நுண்ணறிவு முறையைச் சேர்த்தது. உரையாடல் நடக்கும்போதே அது வெறுப்புப் பேச்சையும் துன்புறுத்தலையும் அடையாளம் காண முயல்கிறது. தண்டனை கொடுப்பது மனிதர்களின் வேலையாகவே வைக்கப்பட்டது.

பட்டியலில் நாம் எங்கே?

இந்த அறிவிப்புகளை அடுத்தடுத்துப் படித்தபோது எனக்கு ஒன்று தெளிவாகத் தெரிந்தது. எக்ஸ்பாக்ஸ் வசதி தொடங்கியபோது இருந்த நாடுகள் அமெரிக்கா, கனடா, பிரிட்டன், அயர்லாந்து, ஆஸ்திரேலியா, நியூசிலாந்து. ரயட் தொடங்கியது வட அமெரிக்காவில், ஆங்கிலத்தில். டாக்ஸ்மோட் வட அமெரிக்காவில் சோதிக்கப்பட்டு, 2023 நவம்பர் 10ஆம் தேதி உலகெங்கும் விரிவுபடுத்தப்பட்டபோது ஆசியா மட்டும் விலக்கப்பட்டிருந்தது. முதலில் அதற்குத் தெரிந்த மொழியும் ஆங்கிலம்தான்.

இதில் சதி எதுவும் இல்லை. இத்தகைய இயந்திரத்துக்கு ஒரு மொழியைக் கற்றுக்கொடுக்க, அந்த மொழியில் மக்கள் உண்மையில் பேசும் பேச்சு ஏராளமாக வேண்டும். எது கேலி, எது மிரட்டல் என்று மனிதர்கள் குறித்துக் கொடுத்திருக்க வேண்டும். நம் பேச்சோ ஒரு மொழியில் நிற்பதில்லை. “டேய், பின்னாடி ஜாகா பண்ணு லா, ஸ்னைப்பர் இருக்கான்” என்ற ஒரே வாக்கியத்தில் தமிழும் மலாயும் ஆங்கிலமும் இருக்கின்றன. உங்களுக்கும் எனக்கும் அது புரிந்துகொள்ள ஒரு வினாடிகூட ஆகாது. ஆங்கிலம் மட்டும் தெரிந்த இயந்திரத்துக்கு அது வெறும் சத்தம்.

அதன் விளைவு இருவகைப்படும். ஒன்று, நண்பர்களுக்குள் “இன்னிக்கு நீ செத்தடா” என்று சொல்வதை இயந்திரம் கொலை மிரட்டலாக எடுத்துக்கொள்ளலாம். மற்றொன்று அதைவிட மோசமானது. நம்மை உண்மையில் புண்படுத்தும் சொல் அதன் காதில் விழாமலே போகலாம். இந்தியர்களை இழிவுபடுத்த இந்த வட்டாரத்தில் பயன்படுத்தப்படும் ‘கிளிங்’ என்ற சொல்லை எடுத்துக்கொள்ளுங்கள். கலிங்கம் என்ற பெயரிலிருந்து வந்ததாகக் கருதப்படும் அச்சொல், மலாக்காவின் கம்போங் கிளிங் பள்ளிவாசலிலும் ஜூரோங் வட்டாரத்தின் தஞ்சோங் கிளிங் சாலையிலும் வெறும் பெயராக நிற்கிறது. அதையே ஒருவர் மைக்கில் நம் முகத்துக்கு நேராகச் சொல்லும்போது வசையாகிறது. சொல்லை மட்டும் தடைசெய்தால் சாலையின் பெயரைச் சொன்னவர் மாட்டிக்கொள்வார். தடைசெய்யாவிட்டால் வசைபாடியவர் தப்பித்துக்கொள்வார். இந்த வேறுபாட்டைக் கற்றுக்கொடுக்க இந்த வட்டாரத்தில் வளர்ந்தவர்கள் வேண்டும்.

மௌனத்தின் விலை

அதுவரை மைக்கை அணைத்துவிட்டு விளையாடினால் என்ன என்று கேட்கலாம். பேசாமலும் விளையாட முடியும் என்பதை 2019 பிப்ரவரியில் வெளிவந்த ஏபெக்ஸ் லெஜண்ட்ஸ் காட்டியது. ஒரு பொத்தானை அழுத்தினால் எதிரி இருக்கும் இடம், ஆயுதம் கிடக்கும் இடம், போக வேண்டிய திசை எல்லாம் அணியினருக்குத் தெரியும். காது கேளாதவர்களுக்கும் பொது இடத்தில் விளையாடுபவர்களுக்கும் அது பெரிய உதவி. மற்ற விளையாட்டுகளும் அதைப் பின்பற்றின.

ஆனால், பேச விரும்பாமல் பொத்தானைப் பயன்படுத்துவது வேறு. பேசப் பயந்து பயன்படுத்துவது வேறு. எதிரி எங்கே என்று பொத்தான் சொல்லிவிடும். “பரவாயில்லை, அடுத்த சுற்றில் பார்த்துக்கொள்ளலாம்” என்று தோற்றவரைத் தேற்றுவது குரல்தான். துன்புறுத்தியவர் தொடர்ந்து பேசிக்கொண்டிருக்க, துன்பப்பட்டவர் மட்டும் வாயை மூடிக்கொள்வது தீர்வாகாது.

யார் பொறுப்பு என்பதைத் தொடக்க அமைப்பே தீர்மானித்துவிடுகிறது. 2022 டிசம்பரில் ஃபோர்ட்நைட்டின் உரிமையாளரான எபிக் கேம்ஸ், பிள்ளைகளின் அந்தரங்க உரிமை தொடர்பான வழக்கில் 275 மில்லியன் அமெரிக்க டாலர் அபராதம் செலுத்த ஒப்புக்கொண்டது. பிள்ளைகளுக்கும் பதின்ம வயதினருக்கும் குரல், எழுத்து அரட்டை இரண்டும் தொடக்கத்திலேயே அணைக்கப்பட்டிருக்க வேண்டும் என்று அமெரிக்கக் கூட்டரசு வர்த்தக ஆணையம் நிபந்தனை விதித்தது. தொல்லை வந்தபிறகு மைக்கை அணைப்பதற்கும், நாமே விரும்பித் திறக்கும்வரை அது மூடியிருப்பதற்கும் பெரிய வேறுபாடு உண்டு.

நம் உரையாடல் முழுவதையும் ஒரு நிறுவனம் கேட்டுக்கொண்டிருப்பதும் எனக்கு உவப்பில்லை. பாதுகாப்பு, அந்தரங்கம் இரண்டில் ஒன்றைத்தான் தேர்ந்தெடுக்க வேண்டும் என்றில்லை. பேச்சு நம் கருவியிலேயே தங்கி, புகார் எழுந்தால் மட்டும் வெளியே போகும் முறை இரண்டையும் ஓரளவு காக்கிறது. இந்த வட்டாரத்தில் இயங்கும் எல்லா விளையாட்டுகளிடமும் குறைந்தது அதையாவது நாம் எதிர்பார்க்கலாம்.

சட்டமும் நாமும்

சட்டம் எவ்வளவு தூரம் உதவும்? மலேசியாவில் எட்டு மில்லியனுக்கும் மேற்பட்ட பயனாளர்களைக் கொண்ட சமூக ஊடகங்களும் செய்திச் செயலிகளுமே முதலில் உரிம முறைக்குள் கொண்டுவரப்பட்டன. விளையாட்டுக்குள் நடக்கும் குரல் அரட்டை சமூக ஊடகமா, செய்திச் செயலியா, இரண்டும் இல்லையா என்ற கேள்விக்கு விடை தேட வேண்டியிருக்கிறது. சிங்கப்பூரின் புதிய சட்டப்படி அமையும் இணையப் பாதுகாப்பு ஆணையம் 2026 முற்பாதியில் செயல்படத் தொடங்கும் என்று அறிவிக்கப்பட்டது. இணையத் துன்புறுத்தல் அது முதலில் கையாளும் தீங்குகளில் ஒன்று. பாதிக்கப்பட்டவர் பொதுவாக முதலில் அந்தத் தளத்திடமே புகார் செய்திருக்க வேண்டும். ஆகவே எந்தச் சட்டமானாலும் நம்மிடம் ஆதாரம் இருக்கிறதா என்ற இடத்துக்கே திரும்ப வருகிறது.

மின்னிலக்க மேம்பாட்டு, தகவல் அமைச்சு 2024ல் நடத்திய கருத்தாய்வில் 74 விழுக்காட்டினர் இணையத்தில் தீங்கான உள்ளடக்கத்தைக் கண்டதாகக் கூறினர். அதற்கு முந்திய ஆண்டு அது 65 விழுக்காடு. கண்டவர்களில் பெரும்பாலோர் அதைப் பொருட்படுத்தாமல் கடந்து சென்றனர். விளையாட்டிலும் நாம் அதைத்தான் செய்கிறோம்.

கடந்து செல்லாமல் இருக்கச் சில வழிகள் உண்டு. கைப்பேசியிலும் விளையாட்டுக் கருவியிலும் உள்ள பதிவு வசதியை முன்கூட்டியே பழகி வையுங்கள். நேரம், ஆட்டத்தின் விவரம், எதிராளியின் பயனர் பெயர் ஆகியவற்றைக் குறித்துக்கொண்டு அன்றே புகார் செய்யுங்கள். அவர் எந்த மொழியில் என்ன பொருளில் பேசினார் என்பதையும் ஒரு வரியில் எழுதுங்கள். தமிழிலும் மலாயிலும் சிக்கல் இருக்கிறது என்று யாரும் எழுதாவிட்டால் அது எந்தக் கணக்கிலும் ஏறாது. அணியில் வேறொருவர் வசைபாடப்படும்போது, ஒருவராவது “போதும்” என்று சொல்லுங்கள். பாதிக்கப்பட்டவருக்கு ஒரு சாட்சி கிடைக்கும்.

கணினித் துறையில் படிப்பவர்களுக்கு இன்னொரு வேலையும் காத்திருக்கிறது. சிங்கப்பூரின் தேசியப் பேச்சுத் தொகுப்பில், ஆங்கிலத்துடன் தமிழ், மலாய், சீனம் கலந்து பேசும் உரையாடல்களும் திரட்டப்பட்டுள்ளன. ‘ஏஐ சிங்கப்பூர்’ உருவாக்கிய சீ-லயன் மொழி மாதிரி தமிழையும் அறியும். அடித்தளம் இருக்கிறது. ஆனால் பதிவறையில் நிதானமாகப் பேசுவதற்கும், தோற்கும் நிலையில் ஐந்து பேர் ஒரே நேரத்தில் கத்துவதற்கும் உள்ள தூரம் அதிகம். அந்தத் தூரத்தைக் கடக்கும் ஆய்வு, பலதுறைத் தொழிற்கல்லூரியிலோ பல்கலைக்கழகத்திலோ இறுதியாண்டுத் திட்டப்பணிக்கு நல்ல தலைப்பு. விளையாடவும் தெரிந்து, தமிழும் தெரிந்து, நிரலும் எழுதத் தெரிந்தவர்கள் உலகில் அதிகம் பேர் இல்லை. அவர்களில் சிலர் இந்தப் பக்கத்தை இப்போது படித்துக்கொண்டிருப்பார்கள்.