அப்பா பிறந்த நாட்டுக்காக நீந்தலாமா?

பிறந்தது அமெரிக்காவில், லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில். கல்லூரிக் குழுவில் நீந்தியதும் அமெரிக்காவில்தான், ஓஹையோ மாநிலப் பல்கலைக் கழகத்தில். ஆனால் உலகப் போட்டிகளில் அவர் நீந்தியது இலங்கைக்காக!

அவர் பெயர் மேத்யூ அபேசிங்க. பெற்றோர் இலங்கைக்காரர்கள். 2016-ல் குவாஹாட்டியில் தெற்காசிய விளையாட்டுப் போட்டி நடந்தது. அதில் அவர் 7 தங்கப் பதக்கம் வாங்கினார். நம் நாட்டுக் குளத்தில், நம் பிள்ளைகளை முந்திக்கொண்டு! அதே ஆண்டு ரியோ ஒலிம்பிக்கிலும், 2021-ல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கிலும் 100 மீட்டர் நீச்சலில் இலங்கையின் பெயரைச் சொல்லிக் குதித்தவர் அவர்தான்.

ஒலிம்பிக் விதி எளிமையானது. எந்த நாட்டுக்காகப் போட்டியிடுகிறாரோ, அந்த நாட்டின் குடிமகனாக இருக்க வேண்டும். இரண்டு நாட்டுக் குடியுரிமை உள்ளவர், தமக்கு வேண்டிய நாட்டைத் தேர்ந்தெடுக்கலாம். இலங்கைச் சட்டம் இரட்டைக் குடியுரிமைக்கு இடம் தருகிறது. இந்தியச் சட்டம் இடம் தரவில்லை.

கணியூர்ப் பெண் என்றால்?

கணியூர்க்காரர் ஒருவர் அமெரிக்காவில் குடியேறி விட்டார் என்று வைத்துக் கொள்வோம். திருப்பூர் பனியன் போகும் நாடுகளில் எல்லாம் நம்மவர்கள் இருக்கிறார்களே! அவருடைய மகள் அங்கே கல்லூரியில் படிக்கிறாள், நன்றாக நீந்துகிறாள். அமராவதி ஆற்றில் அப்பா முங்குநீச்சல் போட்ட கதையைக் கேட்டு வளர்ந்தவள். லீவுக்கு வந்தால் அப்பத்தா சுட்ட கச்சாயம் தின்று போகிறாள். ஓ.சி.ஐ. அட்டையும் வைத்திருக்கிறாள். அது இங்கே வந்து போக, தங்க, வேலை பார்க்க உதவும் அட்டை.

அவள் இந்தியாவுக்காக நீந்தலாமா? கூடாது! இந்திய பாஸ்போர்ட் உள்ளவர்களே இந்தியாவுக்காகப் போட்டியிடலாம் என்று மத்திய விளையாட்டுத் துறை 2008 டிசம்பரில் முடிவு செய்தது. 2010-ல் டெல்லி உயர் நீதிமன்றமும் அதை ஏற்றுக்கொண்டது.

அதற்கு முன் இத்தனை கெடுபிடி இல்லை. சென்னையில் பிறந்த டென்னிஸ் வீரர் விஜய் அமிர்தராஜை யாருக்குத் தெரியாது? அவர் மகன் பிரகாஷ் பிறந்தது லாஸ் ஏஞ்சல்ஸில். அமெரிக்கக் குடிமகன். தென் கலிபோர்னியா பல்கலைக் கழக மாணவர். அவர் 2003-ல் டேவிஸ் கோப்பையில் இந்தியாவுக்காக ஆடினார். புதிய விதி வந்ததும் அந்தக் கதவு மூடிக்கொண்டது.

ஒரு வழி உண்டு. வெளிநாட்டுக் குடியுரிமையைத் துறந்துவிட்டு இந்தியக் குடியுரிமை பெறலாம். கால்பந்து வீரர் ரயன் வில்லியம்ஸ் 2025-ல் அப்படித்தான் செய்தார். ஆஸ்திரேலியாவில் பிறந்தவர், தாய் மும்பைக் குடும்பத்துப் பெண். ஆனால் சம்பளம் வாங்கி ஆடும் வீரருக்கு அது முடியும். கல்லூரியில் படிக்கும் 19 வயதுப் பெண்ணை, படிப்பையும் வேலையையும் பணயம் வைத்து வா என்றால் எந்த அப்பா சம்மதிப்பார்?

இங்குள்ள பிள்ளை?

மறுபக்கமும் இருக்கிறது. அதை மறைக்கக் கூடாது.

2024 பாரிஸ் ஒலிம்பிக் நீச்சலுக்கு இந்தியாவிலிருந்து போனவர்கள் இரண்டே பேர். ஸ்ரீஹரி நடராஜ், 14 வயதுச் சிறுமி தினிதி தேசிங்கு. இருவரும் பெங்களூரில் பயிற்சி பெற்றவர்கள். நேரடித் தகுதி நேரத்தை எட்டும் ஆள் இல்லாத நாடுகளுக்கு, ஓர் ஆண், ஒரு பெண் என்று ஒதுக்கும் சலுகை இடத்தில் சென்றார்கள். இந்தக் கதவைத் திறந்திருந்தால், அமெரிக்கக் கல்லூரியில் நீந்தும் ஒருத்தி வந்து தினிதியின் இடத்தில் நின்றிருக்கலாம். அது நியாயமா?

நியாயம் இல்லை என்பதே நம் கருத்து. நீச்சல் வளராத நாடுகளில் நீச்சல் வளரட்டும் என்று கொடுக்கும் இடம் அது. உள்ளூரில், காலை 5 மணிக்கு எழுந்து, கிடைத்த குளத்தில் நீந்திய பிள்ளைக்கே அது போக வேண்டும்.

ஆனால் மற்ற இடங்களை ஏன் பூட்டி வைக்க வேண்டும்? ஆசியப் போட்டி இருக்கிறது. நாலு பேர் சேர்ந்து நீந்தும் தொடர் நீச்சல் இருக்கிறது. ஒலிம்பிக்குக்கே நேரடித் தகுதி நேரம் இருக்கிறது. அதை எட்டிவிட்டால் ஒரு பிரிவில் இருவர் வரை போகலாம். அங்கெல்லாம் கடிகாரம் தீர்ப்புச் சொல்லட்டும். வேகமான பெண் பக்கத்துப் பாதையில் நீந்தினால் நம் பெண்ணும் வேகம் பிடிப்பாள்.

2025 ஜூலையில் மத்திய மந்திரி சபை ஏற்ற புதிய விளையாட்டுக் கொள்கை, வெளிநாடு வாழ் இந்திய வம்சாவளி வீரர்களை இங்கே வந்து ஆட ஊக்குவிக்கலாம் என்கிறது. நல்லது. ஊக்கம் இருந்தால் போதுமா? குடியுரிமைச் சட்டத்துக்கும் விளையாட்டு விதிக்கும் நடுவே ஒரு பாலம் போட வேண்டாமா?

இன்னொரு நிபந்தனையும் சேர்க்கலாம். வெளிநாட்டுப் பிள்ளை ஆண்டுக்கு ஒரு முறை இங்கே வந்து, நம் தேசியப் போட்டியில், நம் பிள்ளைகளோடு அதே தண்ணீரில் நீந்த வேண்டும். விமானச் செலவு அவளுடைய அப்பாவுடையது. கணியூர்க்காரர் அதற்கு மறுப்புச் சொல்ல மாட்டார்.