பெண்களுக்குப் பந்து எதற்கு?

"பெண்களுக்குப் பந்தாட்டம் எதற்கு?" என்று கேட்கும் பெரிய மனிதர்கள் பெரம்பலூர், அரியலூர்ப் பக்கங்களில் இன்னும் இருக்கிறார்கள். பெண் சுபாவத்திலேயே மெலிந்தவளாம். மண்ணில் விழுந்து புரளக் கூடாதாம்!

நாம் கேட்கிறோம்: பெரம்பலூர்ச் சின்ன வெங்காயக் காட்டில் வெயிலில் குனிந்து களை பறிப்பவள் யார்? அரியலூர்க் கிராமங்களில் விறகும் தண்ணீர்க்குடமும் சுமப்பவள் யார்? உழைப்புக்கு வலிவுள்ள உடம்பு விளையாட்டுக்கு மாத்திரம் வலிவற்றுப் போகும் அதிசயம் என்ன?

இந்தப் பித்தலாட்டம் நம் நாட்டுக்கு மாத்திரம் சொந்தமல்ல. 1920-ல் லிவர்பூல் நகரில் பெண்களின் கால்பந்து ஆட்டத்தைக் காண சுமார் 53,000 பேர் கூடினார்கள். மறு வருஷமே இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கத்தார் இவ்வாட்டம் பெண்களுக்கு ஏற்றதல்ல என்று சொல்லி, தங்கள் கழகங்களின் மைதானங்களை அவர்களுக்கு அடைத்துவிட்டார்கள். சுமார் 50 வருஷம் கழித்தே அத்தடை நீங்கிற்று.

அதே இங்கிலாந்தில் 2015-ல் வெஸ்ட் ஹாம் பெண்கள் அணிக்குக் கோல்கீப்பராக நின்றவர் யார்? 1992-ல் சென்னையில் பிறந்த அதிதி சௌகான்! லஃப்பரோ பல்கலைக்கழகத்தில் படித்தவர். இந்திய அணியின் கோலையும் பல வருஷம் காத்து, 2025-ல் ஓய்வு பெற்றவர். பாய்ந்து விழுந்த அந்த உடம்பும் பெண் உடம்புதானே? அதில் சுபாவம் எங்கே போயிற்று?

ஆகவே, மகள் பெரியவளானதும் பந்தைப் பிடுங்கிக்கொண்டு பாத்திரத்தைக் கையில் கொடுக்கும் பெற்றோர்களே! பள்ளி மைதானத்தில் பையன்களுக்குள்ள பாத்தியதை அவளுக்கும் உண்டு. அதைக் கேட்டு வாங்கிக் கொடுங்கள். அவளைக் காப்பதற்காகவே கதவைச் சாத்துகிறோம் என்பீர்களானால், கோலைக் காக்கத் தெரிந்தவளுக்குத் தன்னைக் காத்துக்கொள்ளத் தெரியாதா என்று கேட்கிறோம்.