பச்சை எல்லாம் காடு இல்ல

கந்தப்பளைக்கு வர்றவங்க தேயிலை மலையைப் போட்டோ எடுத்து ‘இயற்கை’ன்னு போடுறாங்க. தோழர்களே, அது ஒற்றைப்பயிர். எத்தனை இனம்னு எண்ணினா மட்டும் பன்மைத்துவம் ஆகாது. ஒவ்வொண்ணும் எவ்வளவு இருக்குன்னும் பார்க்கணும். நூறு செடியில தொண்ணூறு தேயிலைன்னா, மிச்சம் பத்தும் பத்து இனமா இருந்தாலும் அது ஏழை மலைதான்.

1869இல் வந்த இலைத்துரு நோய் கோப்பித் தோட்டங்களை வாரிக்கொண்டு போக ஒற்றைப்பயிரும் காரணம். கோப்பி போய் தேயிலை வந்துச்சு, பாடம் வரல. 2015இல் தடைசெய்த கிளைபோசேட்டை 2018இல் தேயிலைக்குத் திரும்ப விட்டாங்க. புல்லோட வல்லாரையும் கருகுது.

ஆனா பழி மட்டும் விறகு பொறுக்குற நம்ம அம்மாமாருக்கு! காட்டை அழிச்சது சுள்ளிக்கட்டா, மலை மலையா வெட்டச் சொன்ன துரைமாரா? ஓடைக்கரைகளையாவது நாட்டு மரங்களுக்கு விடுங்க. அப்புறம் பச்சையைப் பத்திப் பேசலாம்.