கிரக்கட்டோவாவும் நம் கரையும்



நம் புத்தளம் மாவட்டத்தில் எரிமலை இல்லை. இலங்கையில் எங்குமே இல்லை. அருவக்காட்டில் சீமெந்துக்காக வெட்டியெடுக்கும் பாறைகூட ஒரு காலத்தில் கடலடியில் படிந்த சுண்ணாம்புக்கல்தான். ஆனாலும் இந்த மாதம் இந்தப் பக்கத்தை ஓர் எரிமலைக்குக் கொடுக்கிறேன். 3,000 கிலோமீற்றருக்கு அப்பாலிருந்த அந்த மலை ஒருமுறை நம் நாட்டுக் கரைவரை கையை நீட்டியிருக்கிறது.

ஜாவாவுக்கும் சுமாத்திராவுக்கும் நடுவில், சுந்தா நீரிணையில் இருந்த தீவு கிரக்கட்டோவா. 1883 மே 20ஆம் திகதி புகையத் தொடங்கி, மூன்று மாதம் விட்டு விட்டுக் குமுறி, ஓகஸ்ட் 27, திங்கட்கிழமை காலை பத்து மணியளவில் வெடித்தது. தீவின் மூன்றில் இரண்டு பங்கு கடலுக்குள் இறங்கிவிட்டது. ஏறக்குறைய 4,800 கிலோமீற்றர் தொலைவில் உள்ள ரொட்ரிகஸ் தீவில் இருந்தவர்கள் அந்தச் சத்தத்தைக் கேட்டு, கடலில் ஏதோ கப்பல் பீரங்கி சுடுகிறது என்று நினைத்தார்கள். 36,000க்கும் கூடுதலானோர் இறந்தார்கள். அவர்களில் பெரும்பாலானோர் நீரிணையின் இரு கரைகளிலும் அலையோடு போனவர்கள்.

அன்று பிற்பகல் காலித் துறைமுகத்தில் நடந்ததை அக்காலப் பத்திரிகைச் செய்தி பதிவு செய்து வைத்திருக்கிறது. காற்று இல்லை, மழை இல்லை. கடல் தானாகப் பின்வாங்கியது. கட்டியிருந்த ஓடங்களும் வள்ளங்களும் தரையில் கிடந்தன. மூன்று நிமிட அளவுக்குக் கடலடி வெறுமையாகத் தெரிய, அங்கு நின்ற கூலியாட்களும் வழிப்போக்கர்களும் இறங்கி இறாலையும் மீனையும் அள்ளினார்கள். பிறகு தண்ணீர் திரும்பி வந்தது. அன்று காலிக்கு வந்தது சிறிய அலை, அள்ளியவர்கள் பிழைத்தார்கள். கிழக்கே பாணமைப் பக்கத்தில் கடல்வாயைக் கடந்துகொண்டிருந்த ஒரு பெண் அதே அலையில் சிக்கி இறந்தாள்.

இரண்டு வாரம் கழித்து, செப்டெம்பர் 9ஆம் திகதியை ஒட்டிய நாட்களில், இலங்கையிலும் தென்னிந்தியாவிலும் சூரியன் பச்சை நிறமாக உதித்தது. மேற்கு நோக்கிக் கிளம்பிய எரிமலைத் தூசி ஆபிரிக்காவையும் பசிபிக்கையும் கடந்து, பூமியை ஒரு சுற்றுச் சுற்றி நம் தலைக்கு மேல் வந்திருந்தது.

1883இல் காலியில் மீன் அள்ளியவர்கள் செய்ததைத்தான் 2004 டிசெம்பர் 26 சுனாமி அன்று நம் நாட்டின் பல கரைகளில் மக்கள் செய்தார்கள். கடல் வற்றியதைப் பார்க்க ஓடினார்கள். பிள்ளைகள் சிப்பி பொறுக்கினார்கள். இடையில் 121 வருடங்கள். கடல் வற்றினால் திரும்பி வரும் என்ற ஒரு சொல்லை அந்த 121 வருடங்களில் யாரும் பிள்ளைகளுக்குச் சொல்லி வைக்கவில்லை. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் ஆறுவதில்லை.

2004இல் நாட்டில் 30,000க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். நம் மாவட்டத்தில் இறந்தவர்களை ஒரு கை விரல்களில் எண்ணிவிடலாம். அலை கிழக்கிலிருந்து வந்தது. தீவு முழுவதும் நமக்கு மறைப்பாக நின்றது. தெற்கு முனையைச் சுற்றி வளைந்த அலையும் வடக்கே வர வரத் தளர்ந்துவிட்டது. கல்பிட்டிக்கு இது மெய்யான காவல். குறைத்துச் சொல்ல வேண்டியதில்லை.

ஆனால் நம் ஆட்கள் எப்போதும் இந்தக் கரையில் இருக்கிறார்களா? கச்சான் காற்று வீசி இங்கே கடல் கொந்தளிக்கும் மாதங்களில், நம் பகுதியிலிருந்து எத்தனையோ குடும்பங்கள் முல்லைத்தீவு, திருகோணமலைப் பக்கம் போய் வாடி அடித்துத் தங்குகின்றன. கரைவலை இழுப்பவர்கள் இடுப்பளவு தண்ணீரில் கயிற்றோடு நிற்பவர்கள். கடல் பின்வாங்கினால் முதலில் காண்பவர்களும் அவர்களே. கிரக்கட்டோவா வெடித்தது கச்சான் காலமான ஓகஸ்ட் மாதத்தில் என்பதை மறக்க வேண்டாம்.

இனி அந்த மலையின் இன்றைய நிலை. பழைய தீவு இருந்த இடத்தில் 1927இல் புதிய எரிமலை ஒன்று கடலுக்கு மேலே தலைகாட்டியது. அனாக் கிரக்கட்டோவா என்று பெயர். 2018 டிசெம்பர் 22 இரவு அதன் ஒரு பக்கம் சரிந்து கடலில் விழுந்தது. 338 மீற்றர் உயர மலை 110 மீற்றராகக் குறைந்தது. எழுந்த அலையில் 400க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். பெரிய நிலநடுக்கம் எதுவும் முன்னால் வராததால் எச்சரிக்கை ஏற்பாடும் அசையவில்லை. கடற்கரை இசை நிகழ்ச்சி ஒன்றில் பாடிக்கொண்டிருந்தவர்களை மேடையோடு சேர்த்து அலை அடித்துப் போயிற்று.

அந்தச் சின்ன மலையிலிருந்து நமக்கு உடனடி ஆபத்து இருப்பதாக நான் நினைக்கவில்லை. 2018இன் அலை சுந்தா நீரிணையோடு நின்றுவிட்டது. 1883 அளவு வெடிக்க அதற்கு இன்னும் நெடுங்காலம் பிடிக்கலாம். நமக்குப் பெரிய அச்சம், 2004இல் போல, சுமாத்திராவின் கடலடி நிலநடுக்கந்தான். அதற்கு இப்போது இந்து சமுத்திர எச்சரிக்கை ஏற்பாடு இருக்கிறது. வளிமண்டலவியல் திணைக்களத்துக்குத் தகவல் வரும்; அனர்த்த முகாமைத்துவ நிலையத்தின் 117 இலக்கத்தை யாரும் அழைக்கலாம். அலை வந்து சேரச் சில மணி நேரம் எடுக்கும் என்பதால் தப்ப அவகாசமும் உண்டு.

அந்த அவகாசத்தில் செய்தி வாடிவரை போய்ச் சேர வேண்டும். இங்கேயும் செய்தி முந்தி வர வேண்டும்: கல்பிட்டி ஒரு பக்கம் கடலும் மறுபக்கம் களப்புமாக ஒடுங்கிய மணல் நிலம். உள்ளே ஓட மேடு கிடையாது. கடலில் நிற்கும் படகு கரைக்கு விரையாமல் ஆழக்கடலுக்குப் போவதே நல்லது என்பதும் எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும்.

நம் கரையில் பள்ளிவாசல், கோயில், தேவாலயம் எல்லாவற்றிலும் ஒலிபெருக்கி இருக்கிறது. நிர்வாகிகளிடம் என் வேண்டுகோள் இது: அடுத்த கச்சான் காலத்துக்கு முன் ஒரு மாலை கிராம உத்தியோகத்தரோடும் சம்மாட்டிகளோடும் கூடி உட்காருங்கள். செய்தி வந்தால் யார் முதலில் அறிவிப்பது, கிழக்கே வாடியில் இருப்பவர்களுக்கு யார் தொலைபேசி எடுப்பது, முதியவர்களை எந்த வண்டியில் ஏற்றுவது என்று பெயர் போட்டு எழுதி ஒட்டிவிடுங்கள். எழுதியதன் பிரதியொன்றை எங்களுக்கும் அனுப்புங்கள். இந்தப் பக்கத்திலேயே அச்சிடுகிறோம்.

அன்புடன்,
ஆசிரியர்