கை கழுவினால் பழி தீருமா?

திண்டுக்கல்லிலிருந்து வேடசந்தூர் செல்லும் சாலையின் இருமருங்கும் நூற்பாலைகள். அவற்றுள் ஒன்றின் இயக்குநர் குழுவில் இருக்கும் அன்பர் ஒருவர் ஞாயிறு திருப்பலிக்குப் பின் என்னைப் பார்க்க வந்தார். பணியாளர் ஊதியத்திலும் ஒப்பந்தக்காரர்களுக்குத் தர வேண்டிய தொகையிலும் பிடித்தம் செய்த வருமான வரியை அவரது ஆலை பல மாதங்களாக அரசுக்குச் செலுத்தவில்லை. இயக்குநர்கள் அனைவருக்கும் அறிவிக்கை வந்துவிட்டது. "பஞ்சு விலை ஏறிய நேரம், சாமி. அந்தப் பணத்தைக் கொஞ்ச காலம் சுழற்றினோம். கம்பெனி செய்த தவறுக்கு என்னை எப்படிக் குற்றவாளி ஆக்கலாம்?" என்று மனம் வெதும்பினார்.

அவருடைய துன்பம் எனக்குப் புரிகிறது. அவருடைய வாதத்தை மட்டும் ஏற்க இயலவில்லை.

நிறுவனம் என்பது சட்டத்தின் பார்வையில் தனி ஆள். அதற்குப் பெயர் உண்டு, சொத்து உண்டு, வழக்காடும் உரிமையும் உண்டு. ஆனால் சிறையில் அடைக்க உடல் இல்லை. ஒப்புரவு அருட்சாதனத்தில் முழந்தாளிட ஆன்மாவும் இல்லை. நீதிமன்றங்களே இதில் இடறியிருக்கின்றன. சிறைத்தண்டனை கட்டாயமான வரிக் குற்றத்துக்கு நிறுவனத்தின் மீது வழக்குத் தொடர முடியாது என்று 2003இல் வெள்ளியப்பா டெக்ஸ்டைல்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் பெரும்பான்மை நீதிபதிகள் கூறினர். 2005இல் ஸ்டாண்டர்டு சார்ட்டர்டு வங்கி வழக்கில் ஐவர் அமர்வு, மூவருக்கு இருவர் என்ற கணக்கில், அக்கருத்தை மாற்றியது. சிறைக்கு அனுப்ப முடியாவிட்டாலும் அபராதம் விதிக்கலாம் என்றது. நன்று, ஆனால் அந்த அபராதம் யார் பணம்? பங்குதாரர் பணம். முடிவெடுத்தவர் வீட்டில் நிம்மதியாக உறங்குவார்.

இதை உணர்ந்தே 1961ஆம் ஆண்டு வருமான வரிச் சட்டத்தில் 278பி என்னும் பிரிவு 1975இல் சேர்க்கப்பட்டது. குற்றம் நடந்தபோது நிறுவனத்தின் நடவடிக்கைகளுக்குப் பொறுப்பாக இருந்த ஒவ்வொருவரும் குற்றவாளியாகக் கருதப்படுவார். இயக்குநர் ஒருவரின் இசைவாலோ, உடந்தையாலோ, அசட்டையாலோ குற்றம் நிகழ்ந்ததென நிறுவப்பட்டால் அவரும் தப்ப முடியாது. 2025இல் இயற்றப்பட்ட புதிய வருமான வரிச் சட்டமும் இக்கொள்கையைக் கைவிடவில்லை.

"பிறகு கட்டிவிட்டோமே" என்பது அடுத்த வாதம். மதுமிலன் சின்டெக்ஸ் என்னும் நிறுவனமும் அதையே சொன்னது. பிடித்தம் செய்த வரியைக் காலங்கடந்து செலுத்தியதால் குற்றம் அழிந்துவிடாது என்று 2007இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. இயக்குநர்களும் விசாரணையைச் சந்திக்க வேண்டும் என்றது. இதைக் கொடுமை என்பவர்களுக்கு ஒரு சலுகையை நினைவூட்டுகிறேன். 2024ஆம் ஆண்டு நிதிச் சட்டம், காலாண்டு அறிக்கை தாக்கல் செய்யும் கெடுவுக்குள் கட்டிவிட்டால் வழக்கில்லை என்று தளர்த்தியது. அதையும் தாண்டிப் பணத்தை வைத்திருப்பவரை மறதிக்காரர் என்று சொல்ல முடியுமா?

இங்கே ஒரு வேறுபாட்டைக் காண வேண்டும். தொழில் நொடித்துத் தன் சொந்த வரியைக் கட்ட முடியாதவர் இரக்கத்துக்கு உரியவர். ஆனால் பிடித்தம் செய்த வரி ஆலையின் பணமே அன்று. மேற்பார்வையாளரின் ஊதியம், லாரி உரிமையாளரின் கூலி. அது அடைக்கலப் பொருள். அதைச் சுழற்றுவது, அடுத்த வீட்டார் காப்பதற்குத் தந்த நகையை அடகு வைப்பதற்கு ஒப்பாகும். மீட்டுத் தந்துவிட்டேன் என்றால் அடகு வைத்தது சரியாகிவிடுமா? பணம் பிடிக்கப்பட்டவரோ, தன் கணக்கில் வரி வரவாகாமல் அலுவலகம் அலுவலகமாக அலைகிறார்.

ஒன்றும் அறியாத இயக்குநரையும் வதைக்கலாமா என்று கேட்கலாம். கூடாது. தனக்குத் தெரியாமல் நடந்தது என்றோ, தடுக்கத் தக்க முயற்சி எடுத்தேன் என்றோ மெய்ப்பிப்பவருக்குச் சட்டமே விலக்கு அளிக்கிறது. ஆனால் நம் ஊர்களில் மனைவியையும் மருமகனையும் பெயருக்கு இயக்குநராக்கி, படிக்காமல் கையெழுத்து வாங்கும் வழக்கம் உண்டே! ஊதியமும் மதிப்பும் பெறும்போது இயக்குநர், கணக்குக் கேட்கும்போது அறியாதவர் என்பது எந்த நீதி? தடுக்கக் கடமைப்பட்டவர் தடுக்காதபோது பிறர் பாவத்தில் பங்கு பெறுகிறார் என்பது திருச்சபையின் மறைக்கல்வி. வரி ஏய்ப்பை ஏழாம் கட்டளைக்கு எதிரான செயல்களின் வரிசையிலேயே அது வைக்கிறது. நேரிய வரியை ஏமாற்றுவோரை 1965இல் இரண்டாம் வத்திக்கான் சங்கமும் 'இன்றைய உலகில் திருச்சபை' ஏட்டில் கண்டித்தது.

பிறரைச் சொல்லும் நாம் நம்மையும் சொல்ல வேண்டும். அரசு உதவி பெறும் பள்ளிகளில் பணியாற்றும் குருக்கள், கன்னியரின் ஊதியத்தில் வரி பிடிக்கலாகாது என்று நாமும் வழக்காடினோம். ஏழ்மை வாக்குறுதி எடுத்தவர்களுக்குத் தனி வருமானம் இல்லை என்றோம். 2019இல் சென்னை உயர் நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றமும் நம் மேல்முறையீடுகளைத் தள்ளிவிட்டது. எனவே பள்ளித் தாளாளராக ஒப்பமிடும் குருவும் நம் மருத்துவமனைகளை நடத்தும் அருட்சகோதரியும் அந்த நூற்பாலை அன்பரின் இடத்தில்தான் நிற்கின்றனர். கணக்கர் பார்த்துக்கொள்வார் என்று நாமும் சொல்ல முடியாது.

பிலாத்து தண்ணீர் கொண்டுவரச் செய்து மக்கள் முன் கை கழுவினான். ஆனால் ஒப்புதல் அளித்தது அந்தக் கைதான். இன்றுவரை நம்பிக்கை அறிக்கையில் அவன் பெயரைச் சொல்லிக்கொண்டிருக்கிறோம். சக்கேயு அப்படிச் செய்யவில்லை. உரோமை ஆட்சியின் வரி அமைப்பைக் குறை கூறித் தப்பாமல், தான் ஏமாற்றியதை நான்கு மடங்காகத் திருப்பித் தருவதாக எழுந்து நின்று சொன்னான். மீட்பு அன்றே அவன் வீட்டுக்கு வந்தது.

அன்பரிடம் நான் சொன்னதும் இதுவே: முதலில் வட்டியோடு கட்டுங்கள். பணம் பிடிக்கப்பட்டவர்களிடம் உண்மையைச் சொல்லுங்கள். பிறகு வழக்கறிஞரைப் பாருங்கள். வரிசையை மட்டும் மாற்றிவிடாதீர்கள்.