படம் பிடித்தால் மட்டும் போதுமா?

வனசீவராசிகள் பாதுகாப்புத் திணைக்களத்தின் பணிப்பாளர் நாயகம் அவர்களுக்கு,

பதுளையிலிருந்து எழுதுகிறோம்.

2019இல் உங்கள் திணைக்கள ஆய்வாளர்கள் மலையகக் காட்டில் வைத்த கேமராவில் கருஞ்சிறுத்தையொன்று உயிரோடு உலவுவது பதிவானது. இலங்கையில் இனி அது இல்லை என்று பலரும் முடிவுகட்டியிருந்த நேரம். நாடே மகிழ்ந்தது. 2020 மே மாதம் நல்லதண்ணிப் பக்கத் தோட்டமொன்றில், கம்பிச் சுருக்கில் ஒரு கருஞ்சிறுத்தை மாட்டியது. உடவளவைக்குக் கொண்டுபோய் வைத்தியம் பார்த்தும் சில நாட்களில் செத்துப்போனது. காட்டில் கேமரா இருந்தது, தோட்டத்தில் கம்பி இருந்தது. நடுவில் வாழும் மக்களோடு பேச ஆள் இருந்தாரா?

எங்கள் ஊவா மாகாணத்திலும் இதே கவலைதான். அப்புத்தளை, இதல்கஸ்ஹின்ன, ஒஹியா வழியே ரயிலில் போகும் எவருக்கும் தெரியும், தேயிலைக் கடலில் தீவுகளாய் மிஞ்சிய காட்டுத் துண்டுகள். ஒஹியாவுக்கு மேலே ஹோட்டன் சமவெளி. அழிந்தேவிட்டது என்று நினைத்த தேவாங்கு வகையொன்றின் படம் அங்கிருந்துதான் 2010இல் உலகத்துக்கு வந்தது. ஒரு காட்டுத் துண்டிலிருந்து அடுத்ததற்குப் போக, எங்கள் பக்கத்தில் புலி என்று சொல்லும் சிறுத்தைக்குத் தேயிலை மலையையும் லயத்துத் தோட்டங்களையும் கடந்தாக வேண்டும்.

அங்கேதான் சுருக்கு. பிரேக் கம்பியில் ஒரு வளையம். மரக்கறிப் பாத்தியோரம், பன்றி வரும் தடத்தில், மானாப்புல்லுக்குள் மறைந்திருக்கும். சட்டப்படி குற்றம், மறுக்கவில்லை. ஆனால் ஒரே இரவில் பன்றி கிளறிப்போட்ட கிழங்குக்கு நட்டஈடு கிடைக்காத குடும்பம் போட்ட கம்பி அது. இடுப்பில் மாட்டிய புலி துள்ளத் துள்ள உள்ளுறுப்பு நசிகிறது. மயக்க ஊசியோடு வைத்தியர் வந்து சேருமுன் ஊரே போனை நீட்டிக்கொண்டு கூடிவிடுகிறது; அந்தக் கூச்சலில் அது இன்னும் துள்ளுகிறது.

எனவே கேட்கிறோம். ஊவாவில் கேமரா வைக்கும்போது அந்தந்தத் தோட்டத்துப் பிள்ளைகளைச் சம்பளத்துக்கு எடுங்கள். எந்த மலையில் புலித்தடம் விழுகிறது என்று கொழுந்தெடுக்கும் பெண்களிடம் கேளுங்கள். இரவில் அழைத்தாலும் தமிழில் பேசக்கூடிய உத்தியோகத்தர் ஒருவரைப் பதுளையில் வையுங்கள். காட்டில் படமெடுக்க வரும் குழுக்கள் கட்டும் அனுமதிக் கட்டணத்தில் ஒரு பங்கை நட்டஈட்டுக்கும் சுருக்குகளை அகற்றுவதற்கும் ஒதுக்குங்கள். விலங்கு நடமாடும் இடத்தின் பெயரை மட்டும் எவரும் வெளியிட விடாதீர்கள்.

அடுத்த படம் கிடைத்தால், கொழும்பில் வெளியிடுவதற்கு முன் அந்தத் தோட்டத்துப் பிரட்டுக்களத்தில் திரை கட்டிக் காட்டுங்கள். அவர்கள் மலையில் வாழும் உயிரை முதலில் அவர்கள் பார்க்கட்டும்.